பேசாமல் கேட்ட ஓட்டு

இந்த வாரம் கோபத்தோடுதான் எழுத உட்கார்கிறேன். ஆதம்பாக்கத்தில் ஒரு குடியிருப்போர் சங்கம் பிள்ளைகளுக்குப் பேச்சுப் போட்டி வைத்திருந்தது. ஒன்பதாவது படிக்கும் பெண் ஒருத்தி, ஜூலியஸ் சீசர் நாடகத்தில் சீசரின் உடலருகே நின்று மார்க் ஆண்டனி பேசுவதைத் தமிழில் பேசினாள். குரலை ஏற்ற வேண்டிய இடத்தில் ஏற்றி, தாழ்த்த வேண்டிய இடத்தில் தாழ்த்தி, நல்ல தயாரிப்பு. பாதியில் சட்டென்று நிறுத்திவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள். கூடம் அடங்கிப் போயிற்று. நடுவர் மேசையில் இருந்தவர் மணியை அடித்துவிட்டார். மறந்துவிட்டாள் என்று நினைத்து, "பரவாயில்லம்மா, போய் உட்காரு" என்றார். மதிப்பெண் தாளில் "தடுமாற்றம்" என்று குறித்திருந்தார்கள்.

அவள் தடுமாறவே இல்லை. நாடகத்தில் ஆண்டனி அந்த இடத்தில் நிறுத்தத்தான் செய்கிறான்.

பேச்சுப் போட்டி மணியோடு எனக்குப் பழைய பகை உண்டு. மூன்று நிமிடத்துக்குள் மூச்சு விடாமல் கொட்டித் தீர்ப்பவர்களுக்குக் கோப்பை என்று நாமே வழக்கமாக்கி வைத்திருக்கிறோம். ஆனால் ஆண்டனியின் அந்த நிறுத்தத்துக்கு மணி அடிப்பது, பேச்சுக்கலையின் உயிர்நிலையிலேயே கை வைப்பது. என் மனம் சீசரோடு சவப்பெட்டிக்குள் இருக்கிறது, அது திரும்பி வரட்டும் என்று சொல்லி அவன் வாயை மூடுகிறான். மூடியதும் யார் பேசுகிறார்கள்? கூட்டம் பேசுகிறது. இவர் சொல்வதில் நியாயம் இருக்கிறது என்கிறான் ஒருவன். பாவம், அழுது அழுது கண் சிவந்துவிட்டது என்கிறான் இன்னொருவன். ஆண்டனி சொல்ல விரும்பியதையெல்லாம் அவர்களே ஒருவருக்கொருவர் சொல்லி முடிக்கிறார்கள். அவனுக்கு முன் பேசிய புரூட்டஸ் அளந்து வைத்த உரைநடையில் சீசரைக் கொன்றதற்கான காரணங்களை அடுக்கினான். கை தட்டினார்கள், அவ்வளவுதான். ஆண்டனி அவர்களையே பேச வைத்தான்.

பிறகு சீசரின் சால்வையைத் தூக்கிக் காட்டுகிறான். நெர்வியர் என்ற குடியினரை வென்ற நாளில் சீசர் இதை முதன்முதலாகப் போர்த்தியது எனக்கு நினைவிருக்கிறது என்கிறான். அந்தப் போர் நடந்தது கி.மு. 57இல். வரலாற்று ஆண்டனி கால் (Gaul) நாட்டில் சீசரிடம் போய்ச் சேர்ந்ததே சில ஆண்டுகள் கழித்துத்தான். ஷேக்ஸ்பியர் தெரிந்து எழுதினாரோ இல்லையோ, ஆண்டனியின் வாயில் அது மிகப் பொருத்தமான பொய். கடைசியில் உடலைத் திறந்து காட்டுகிறான். நான் புரூட்டஸைப் போலப் பேச்சாளன் இல்லை, இந்தக் காயங்களே ஊமை வாய்கள், எனக்காக அவை பேசட்டும் என்கிறான்.

இந்த வித்தை அவன் குடும்பத்திலேயே இருந்தது. அவனுடைய பாட்டனாரும் மார்க்கஸ் அந்தோனியஸ்தான், ரோமின் பெரிய வக்கீல். கி.மு. 98 வாக்கில் அக்குவில்லியஸ் என்ற தளபதி ஊழல் வழக்கில் சிக்கி நின்றபோது, பாட்டனார் வாதத்தை நிறுத்திவிட்டு அந்தக் கிழவரை எழுப்பி, மேலங்கியைக் கிழித்து, மார்பில் இருந்த தழும்புகளை நீதிமன்றத்துக்குக் காட்டினார். விடுதலை கிடைத்தது. சிசரோ தம் நூலில் இதை எழுதிவைத்தார். ஷேக்ஸ்பியர் காலத்து இங்கிலாந்துப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் அந்தச் சிசரோவைத்தான் பிரம்புக்குப் பயந்து மனப்பாடம் செய்தார்கள். அங்கிருந்து அது மேடைக்கு வந்திருக்கலாம்.

காயம் என்று வந்துவிட்டதால் சீசரை இங்கேயே விட்டுவிட்டு ஷேக்ஸ்பியரின் இன்னொரு ரோம நாடகமான கொரியலேனஸுக்குப் போகிறேன். எனக்கு அந்த நாடகத்தின் மேல் தனிப் பற்று உண்டு. நம் கல்லூரிகள் சீசரைத்தான் திரும்பத் திரும்பப் பாடமாக வைத்தன. ஓட்டுப் போடும் மக்களாகிய நாம் படிக்க வேண்டியது 1608 வாக்கில் எழுதப்பட்ட இதைத்தான். கொரியலேனஸ் போர்க்களத்தில் புலி. கான்சல் என்ற ரோமின் உச்சப் பதவிக்கு நிற்கிறான். ரோமில் வழக்கம் என்னவென்றால், வேட்பாளர் எளிய அங்கி மட்டும் அணிந்து சந்தைக்கு வந்து, தழும்புகளைக் காட்டி, கும்பிட்டு ஓட்டுக் கேட்க வேண்டும். தாமஸ் நார்த் 1579இல் ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்த புளூட்டார்க்கின் நூலில் அவன் அப்படியே காட்டிவிடுகிறான். ஷேக்ஸ்பியர் அந்த ஓர் இடத்தை மாற்றினார். அவருடைய கொரியலேனஸ் காட்ட மாட்டேன் என்கிறான். நாட்டுக்காகப் பட்ட அடியைச் சந்தையில் அவிழ்த்துக் காட்டினால், கூலிக்குப் பட்ட அடி ஆகிவிடாதா என்பது அவன் எண்ணம். நாடகம் முழுவதும் இந்த மறுப்பின் மேல்தான் நிற்கிறது. பலர் இதை வெறும் திமிர் என்று தள்ளிவிடுகிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. அவனுக்கு அந்தக் காயம் தன்னுடையது, அந்தரங்கமானது.

ஆனால் மக்களும் முட்டாள்கள் இல்லை. காயத்தைக் காட்டினால் அந்தக் காயங்களுக்குள் நம் நாக்கை வைத்து நாமே பேசியாக வேண்டும் என்கிறான் ஒரு குடிமகன். அவன் காட்டினால் போதும், பேச வேண்டியது நாம் என்கிற அர்த்தத்தில். பதவிக்கு என்ன விலை என்று கொரியலேனஸ் ஏளனமாகக் கேட்கும்போது, அன்பாகக் கேட்பதுதான் விலை என்று இன்னொருவன் பதில் சொல்கிறான். அரசியல் நாடகங்களில் இதைவிட நேர்மையான பதிலை நான் படித்ததில்லை.

கொரியலேனஸின் தாய் வொலும்னியாவை நமக்கு அறிமுகப்படுத்தவே வேண்டாம். மகன் திரும்பி வருகிறான் என்றதும், எங்கே எங்கே காயம் என்று எண்ணிச் சந்தோஷப்படுகிறாள். இதற்கு முன் இருபத்தைந்து என்கிறாள். இப்போது இருபத்தேழு என்று கூட்டிச் சொல்கிறார் பக்கத்தில் நிற்கும் நண்பர் மெனீனியஸ். காக்கைபாடினியார் நச்செள்ளையாரின் புறப்பாட்டில் களத்தில் பிணங்களைப் புரட்டி, மகன் முதுகில் அடிபடவில்லை என்று கண்டு பூரித்த கிழவி இவளைப் பார்த்தால் உடனே அடையாளம் கண்டுகொள்வாள். விழுப்புண், புறப்புண் என்று காயத்தையே படித்துப் பார்த்த சமூகம் நம்முடையது. வெண்ணிப் போரில் முதுகில் புண்பட்ட சேரமான் பெருஞ்சேரலாதன் அந்த வெட்கத்தில் வடக்கிருந்தான். அங்கேயும் காயம்தான் பேசியது.

சரி, இதற்கெல்லாம் ரோமுக்கே போகத் தேவையில்லை. நான் இருக்கும் தெருவிலிருந்து பரங்கிமலை நடக்கிற தூரம்தான். 1967இல் பரங்கிமலைத் தொகுதியில் தி.மு.க. வேட்பாளர் எம்.ஜி.ஆர். அந்த ஆண்டு ஜனவரி 12ஆம் தேதி ராமாவரம் வீட்டில் எம்.ஆர். ராதா அவரைச் சுட்டார். குண்டு கழுத்தில் பாய்ந்தது. ராயப்பேட்டை ஆஸ்பத்திரி, பிறகு ஜெனரல் ஆஸ்பத்திரி. பிப்ரவரியில் தேர்தல். வேட்பாளர் தொகுதிக்குள் வரவும் இல்லை, மைக் முன்னால் நிற்கவும் இல்லை. கழுத்தில் பெரிய கட்டு, கும்பிட்ட கை. இந்தப் படம் போஸ்டராகிச் சுவர் சுவராக ஏறியது.

அது எந்தக் காலம் என்று நினைத்துப் பாருங்கள். தமிழ்நாட்டில் மேடைப்பேச்சு உச்சத்தில் இருந்த காலம். அண்ணா பேசுகிறார் என்றால் நள்ளிரவு வரை மைதானத்தில் கூட்டம் காத்துக் கிடந்தது. அடுக்குமொழி தெரியாதவன் அரசியல்வாதியே இல்லை. அப்படிப்பட்ட தேர்தலில் ஒரு சொல்லும் பேசாத படம்தான் ஊரையே உலுக்கியது.

எங்கள் தெருவில் எண்பதைத் தொட்ட ஓர் அம்மா இருக்கிறார். முதல் ஓட்டே அந்தத் தேர்தலில்தானாம். இந்த வாரம் அவரிடம் கேட்டேன். "பேச்செல்லாம் யாரு தம்பி கேட்டா? செவுத்துல அவரு கழுத்துக் கட்டோட கும்பிட்டுக்கிட்டு இருந்தாரு. பாத்துட்டுப் பொம்பளைங்க அத்தனை பேரும் அழுதோம். அப்புறம் நாங்களே வீடு வீடாப் போய்ச் சொன்னோம்" என்றார். ரோமானியக் குடிமகன் காயத்துக்குள் வைக்கிறேன் என்ற நாக்கு இவர்களுடைய நாக்குதான். எம்.ஜி.ஆர். பெரும் வித்தியாசத்தில் ஜெயித்தார். தி.மு.க. ஆட்சிக்கு வந்தது.

அந்தப் போஸ்டரைத் தந்திரம் என்று சொல்பவர்கள் உண்டு. அச்சடித்தவர்களுக்குக் கணக்கு இருந்தது, சந்தேகமில்லை. ஆனால் ஆண்டனியின் சால்வைக் கதையில் இருந்த பொய் அதில் இல்லை. குண்டு உண்மை, கட்டு உண்மை. அந்தக் குரல் பிறகு பழையபடி திரும்பவே இல்லை என்பதை அதே ஆண்டு வெளிவந்த 'காவல்காரன்' படம் பார்த்தவர்கள் அறிவார்கள். உடைந்த குரலில் தாமே பேசினார், மக்கள் ஏற்றுக்கொண்டார்கள். கொரியலேனஸால் கடைசிவரை கொடுக்க முடியாத விலை ஒன்று உண்டு, அன்பாகக் கேட்பது. கும்பிட்ட கையால் அதைக் கொடுத்துவிட்டார் இவர்.

நாடகக்காரர்களிடம் ஒரு கோரிக்கை. 1891இல் சுகுண விலாச சபையைத் தொடங்கிய பம்மல் சம்பந்த முதலியார் ஹேம்லெட்டை அமலாதித்தனாகவும் மக்பெத்தை மகபதியாகவும் வெனிஸை வாணிபுரமாகவும் மாற்றினார். கொரியலேனஸுக்கு அவ்வளவு மாற்றம்கூட வேண்டாம். நாடகம் தொடங்குவதே தானியம் கேட்டுத் தெருவில் இறங்கும் பசித்த ஜனங்களோடு. எழுதப்படுவதற்குச் சற்று முன், 1607இல், இங்கிலாந்தின் நடுமாவட்டங்களில் கலவரம் நடந்திருந்தது. 1967 தேர்தலும் அரிசிப் பஞ்சத்தில் நடந்த தேர்தல். ரூபாய்க்கு மூன்று படி என்று வாக்குறுதி, ஜெயித்த பிறகு சென்னையிலும் கோவையிலும் ரூபாய்க்கு ஒரு படி. காலத்தை 1967 என்று வைத்து, சந்தையைப் பரங்கிமலையடிவாரத்துக்குக் கொண்டுவந்து யாராவது போடுங்கள். முதல் காட்சிக்கு ஓர் அரிசிக்கடை வரிசை போதும். மௌனம் வரும் இடங்களில் நடிகர்களை முழுசாக நிறுத்துங்கள், பின்னணி இசை வேண்டாம்.