முக்கடல் முனையின் வானம் யார் பொறுப்பில்?

நாகர்கோவிலில் பஸ் ஏறினால் திருவனந்தபுரம் ஏறக்குறைய 65 கிலோமீட்டர். ஆஸ்பத்திரிக்கும், கல்யாண ஜவுளிக்கும், பிள்ளைகளின் படிப்புக்கும் நாஞ்சில் நாட்டுக் குடும்பங்கள் போய்வந்து பழகிய பாதை அது. 1956 நவம்பர் 1ஆம் தேதி கன்னியாகுமரி மாவட்டம் தமிழகத்தோடு சேரும் வரையில், அதுவே தலைநகருக்குப் போகும் பாதையாகவும் இருந்தது.

அந்த ஊரில் ஆக்குளம் என்று ஓர் இடம். இந்திய விமானப்படையின் தெற்குத் தலைமையகம் அங்கேதான் இருக்கிறது. 1984 ஜூலை 19ஆம் தேதி பிரதமர் இந்திரா காந்தி அதைத் தொடங்கி வைத்தார்.

கோவைக்குப் பக்கத்தில் உள்ள சூலூர் விமானத் தளமும், தஞ்சாவூர் விமானத் தளமும் இந்தத் தலைமையகத்தின் கீழ் வருபவை. பிரம்மோஸ் ஏவுகணையைச் சுமந்து செல்லும் சுகோய் போர் விமானங்கள் தஞ்சாவூருக்கு வந்தது 2020 ஜனவரி 20ஆம் தேதி. அந்த விமானப் பிரிவின் எண் 222.

ஆக, தென்கோடி வானத்துக்கு ஒரு தளபதி பக்கத்து ஊரிலேயே இருக்கிறார். இது நல்ல செய்திதான்.

ஆனால் வானத்துக்குக் கீழே கடல் இருக்கிறதே! அதற்கு யார் தளபதி?

இங்கேதான் சிக்கல். தமிழ்நாட்டுக் கரையைக் கவனிக்கும் கடற்படைத் தலைமை ஆந்திராவில், விசாகப்பட்டினத்தில் இருக்கிறது. களியக்காவிளையைத் தாண்டிவிட்டால் கேரளக் கரை. அதற்குத் தலைமை கொச்சி. கடலோரக் காவல் படைக்கும் இப்படியே இரண்டு பிரிவு. தமிழ்நாட்டுக் கரை சென்னையின் பொறுப்பு. கேரளக் கரை மும்பையின் பொறுப்பு. தரைப்படைக்கான தெற்குத் தலைமையகமோ புனா நகரத்தில்!

கன்னியாகுமரியில் மூன்று கடல்கள் கூடுகின்றன. முப்படைகளும் கூடுவதற்கு டெல்லிக்குத்தான் போக வேண்டும்.

எல்லை பார்க்காத புயல்

இதெல்லாம் ராணுவக்காரர்களின் அலுவலகச் சமாசாரம், நமக்கென்ன என்று தோன்றலாம். தூத்தூரிலும் சின்னத்துறையிலும் வள்ளவிளையிலும் அப்படிச் சொல்ல மாட்டார்கள்.

2017 நவம்பர் 30ஆம் தேதி ஒக்கிப் புயல் குமரிக் கடலில் வீசியது. தூத்தூர் வட்டாரத்து மீனவர்கள் சுறா தேடி ஆழ்கடலுக்குப் போகிறவர்கள். போனால் கரை திரும்ப வாரக்கணக்கில் ஆகும். புயல் எச்சரிக்கை வந்தபோது அவர்கள் எட்டாத் தொலைவில் இருந்தார்கள். படகுகள் கவிழ்ந்தன. இரு மாநிலங்களிலும் நூற்றுக்கணக்கானோர் திரும்பி வரவில்லை.

தப்பிய படகுகளைக் காற்று அடித்துக்கொண்டு போனது. சில லட்சத்தீவுக்கு ஒதுங்கின. சில மகாராஷ்டிரக் கரைக்கே போய்விட்டன. குமரியில் புறப்பட்ட படகு, அலுவலகக் கணக்குப்படி, சென்னையின் எல்லையிலிருந்து மும்பையின் எல்லைக்குள் போய்விட்டது. புயலுக்கு அந்தக் கோடு தெரியுமா?

விமானப்படை பறந்தது. கடற்படைக் கப்பல்கள் போயின. கடலோரக் காவல் படையும் தேடியது. இதை மறைக்கக் கூடாது. பல உயிர்கள் மீட்கப்பட்டன. ஆனாலும் தேடுதல் தாமதமாகத் தொடங்கியது, ஆழ்கடலுக்குள் போதிய தூரம் போகவில்லை என்று கரையில் நின்றவர்கள் குமுறினார்கள். டிசம்பர் 7ஆம் தேதி குழித்துறை ரயில் நிலையத்தில் ஆயிரக்கணக்கானோர் தண்டவாளத்தில் அமர்ந்தார்கள். குமரிக்கென்று மீட்பு ஹெலிகாப்டர் வேண்டும் என்ற கோரிக்கையும் எழுந்தது.

ஏட்டில் பார்த்தால், கடலில் தேடி மீட்கும் வேலையை ஒருங்கிணைக்க வேண்டியது கடலோரக் காவல் படை. மும்பை, சென்னை, அந்தமான் என மூன்று மையங்கள் அதற்கு உண்டு. அப்படியிருக்க, புருஷனைத் தேடி நின்ற பெண்ணுக்குப் பங்குச் சாமியார்கூட யாரைக் கேட்டுப் பதில் சொல்வது என்று தெரியாமல் போனது ஏன்? ஒரே தலைமை இருந்திருந்தால் எல்லோரும் பிழைத்திருப்பார்கள் என்று யாரும் சத்தியம் செய்ய முடியாது. ஆழ்கடலில் செய்தி எட்டாததே முதல் குற்றம். ஆனால் கேட்க ஓர் ஆள் இருந்திருப்பார்.

மட்டக்களப்பில் மூழ்கிய கப்பல்

ஒரே கடலுக்குப் பல தலைமை என்ற தொல்லை புதிதல்ல. இதே கடலின் மறுகரையில், இலங்கையில், 1942ஆம் ஆண்டு அதற்குப் பெரிய விலை கொடுத்தார்கள்.

இரண்டாம் உலகப் போர் நடந்த காலம். சிங்கப்பூரைப் பிடித்த ஜப்பானியர், இந்துமாக் கடலுக்குள் ஐந்து விமானந்தாங்கிக் கப்பல்களுடன் நுழைந்தார்கள். ஏப்ரல் 4ஆம் தேதி, இலங்கைக்குத் தெற்கே ரோந்து பறந்துகொண்டிருந்த பெர்ச்சால் என்ற கனடா நாட்டு விமானி அந்தக் கப்பல் கூட்டத்தைக் கண்டுவிட்டார். கம்பியில்லாத் தந்தியில் செய்தி அனுப்பிக்கொண்டிருக்கும்போதே அவரது விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டது. ஜப்பானியர் அவரைச் சிறை பிடித்தனர். இலங்கையைக் காத்தவர் என்ற பெயர் அவருக்குப் பின்னால் வந்தது.

மறுநாள் ஈஸ்டர் ஞாயிறு. கொழும்பில் குண்டு விழுந்தது. அதற்கு அடுத்த நாள் விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும் விழுந்தது. சென்னை நகரமே காலியானது. வீட்டைப் பூட்டிக்கொண்டு கிராமங்களுக்கு ஓடினார்கள்.

ஏப்ரல் 9ஆம் தேதி திரிகோணமலை தாக்கப்பட்டது. அன்று மட்டக்களப்புக்கு அருகே பிரிட்டனின் 'ஹெர்மிஸ்' என்ற கப்பல் ஜப்பானிய விமானங்களிடம் சிக்கியது. அது விமானந்தாங்கிக் கப்பல். ஆனால் அன்று அதில் ஒரு விமானம்கூட இல்லை! கரையிலிருந்துதான் விமானங்கள் துணைக்கு வர வேண்டும். அவை கப்பல் மூழ்கிய பிறகே வந்து சேர்ந்தன. 300 பேருக்கு மேல் மாண்டார்கள்.

கப்பல் ஒருவர் கையில், விமானம் இன்னொருவர் கையில், நடுவே செய்தி போய்ச் சேரவில்லை. வேறென்ன நடக்கும்?

கண்டியில் ஒரு கூட்டுக் குடும்பம்

அடுத்த ஆண்டே நேச நாடுகள் விழித்துக்கொண்டன. பிரிட்டனும் அமெரிக்காவும் சேர்ந்து 1943இல் தென்கிழக்கு ஆசியக் கூட்டுத் தலைமையை ஏற்படுத்தின. தரைப்படை, கடற்படை, விமானப்படை மூன்றுக்கும் மேலே ஒரே தளபதி. அவர்தான் மவுண்ட்பேட்டன். ஆம், பின்னாளில் இந்தியாவின் கடைசி வைசிராயாக வந்த அதே மவுண்ட்பேட்டன் பிரபு! 1944 ஏப்ரலில் அவருடைய தலைமையகம் டெல்லியை விட்டு இலங்கையில் கண்டிக்குப் பக்கத்தில் உள்ள பேராதனைப் பூந்தோட்டத்துக்கு வந்தது.

விமானங்களுக்கு மட்டும் தனியாக ஒரு கூட்டுத் தலைமை 1943 நவம்பரில் அமைந்தது. அதன் தளபதி பிரிட்டிஷ்காரரான பியர்ஸ். சென்னைக்கு அருகே செங்குன்றம் ஏரியில் அந்த நாளில் நீர்விமானங்கள் இறங்கி ஏறின. கடலைக் கண்காணித்த கொழும்புப் பிரிவின் எண் என்ன தெரியுமா? அதுவும் 222! தஞ்சாவூர்ப் பிரிவுக்கும் அதற்கும் எந்த உறவும் இல்லை. எண் மட்டும் பொருந்திவிட்டது.

கூட்டுக் குடும்பம் என்றால் சண்டை இல்லாமல் இருக்குமா? தங்கள் விமானங்களை வெள்ளைக்காரர் கையில் கொடுக்க அமெரிக்கத் தளபதிகளுக்கு மனமில்லை. முக்கியமாக ஸ்டில்வெல் என்ற தளபதி கடுமையாக எதிர்த்தார். 1943 டிசம்பரில் மவுண்ட்பேட்டன் அந்த எதிர்ப்பை ஒதுக்கிவிட்டு இரு நாட்டு விமானங்களையும் ஒன்றாக்கினார். கூடவே ஒரு தந்திரமும் செய்தார். வங்காளம், பர்மா பக்கத்தில் சண்டையிடும் கூட்டு விமானப்படைக்கு அமெரிக்கரான ஸ்ட்ராட்மேயரையே தளபதியாக்கினார். மேலே பிரிட்டிஷ்காரர், அவருக்குக் கீழே அமெரிக்கர், அவர் சொல் கேட்டுப் பறப்பவர்களில் பாதி பிரிட்டிஷ் விமானிகள்! மரியாதையும் போகவில்லை, வேலையும் நடந்தது.

சோதனை சீக்கிரமே வந்தது. 1944 மார்ச்சில் ஜப்பானியர் இம்பாலை வளைத்தனர். சாலை அடைபட்டது. உள்ளே இருந்த சேனைக்குச் சோறும் தோட்டாவும் வானத்திலிருந்துதான் வர வேண்டும். அரக்கான் பகுதியிலிருந்து ஒரு முழுப் படைப்பிரிவையே, பீரங்கியும் கோவேறு கழுதைகளும் உட்பட, விமானத்தில் ஏற்றி வர வேண்டியிருந்தது. அதற்கு விமானம் போதவில்லை. இமயமலையைத் தாண்டிச் சீனாவுக்குச் சாமான் கொண்டு போய்க்கொண்டிருந்த அமெரிக்கச் சரக்கு விமானங்களில் இருபதை மவுண்ட்பேட்டன் இம்பால் பக்கம் திருப்பினார். மேலிடத்து அனுமதி வரட்டும் என்று அவர் காத்துக்கொண்டிருக்கவில்லை.

முற்றுகை நாட்களில் இம்பாலுக்கு ஏறக்குறைய 19,000 டன் பொருள்கள் விமானத்தில் போயின. 13,000 நோயாளிகளும் காயம்பட்டவர்களும் விமானத்தில் வெளியேற்றப்பட்டார்கள். ஜூன் மாதம் சாலை திறந்தது, ஜப்பானியர் பின்வாங்கினர்.

எதிர்ப்பக்கத்தில் யார் இருந்தார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். நேதாஜியின் இந்திய தேசிய ராணுவம் ஜப்பானியருடன் வந்திருந்தது. அந்த ராணுவத்தில் மலாயாத் தமிழர்கள் ஏராளம். நேச நாடுகளின் வெற்றி என்று இன்று எளிதாக எழுதிவிடலாம். அன்று தமிழர் வீடுகளில் அந்தச் செய்தி ஒரேமாதிரி கேட்கப்படவில்லை.

'தியேட்டர்' என்றால் சினிமா அல்ல

போர் முடிந்தது. அந்தக் கூட்டுத் தலைமையும் கலைந்தது. சுதந்திர இந்தியாவில் முப்படைகளும் தனித்தனியே வளர்ந்தன. தரைப்படைக்கு 7 தலைமையகம், விமானப்படைக்கு 7, கடற்படைக்கு 3. ஆகப் பதினேழு! ஓர் ஊரில் இருப்பது இன்னொரு படைக்கு வேறு ஊர்.

1999 கார்கில் போரில், ஹெலிகாப்டர்களை அனுப்பும் விஷயத்தில் தரைப்படைக்கும் விமானப்படைக்கும் இடையே உரசல் வந்தது. அதன் பிறகு 2001இல் அந்தமானில் முப்படைக்கும் பொதுவான தலைமையகம் ஒன்று அமைந்தது. முப்படைகளின் முதல் தலைமைத் தளபதியாக ஜெனரல் பிபின் ராவத் 2020 ஜனவரி 1ஆம் தேதி பதவியேற்றார். கூட்டுத் தலைமை வேண்டும் என்று முனைந்து நின்றவர் அவர். 2021 டிசம்பர் 8ஆம் தேதி சூலூரிலிருந்து வெலிங்டனுக்குப் பறந்தபோது குன்னூர் அருகே ஹெலிகாப்டர் விழுந்து அவர் உயிரிழந்ததைத் தமிழகம் மறக்காது.

அவர் சொன்ன ஏற்பாட்டுக்கு 'தியேட்டர் கமாண்டு' என்று பெயர். தியேட்டர் என்றதும் சினிமாக் கொட்டகை நினைவு வரும். ராணுவ மொழியில் அது போர்க்களப் பகுதி. பாகிஸ்தான் பக்கம் ஒன்று, சீனாவின் பக்கம் ஒன்று, கடலுக்கு ஒன்று என்று பிரித்து, ஒவ்வொன்றிலும் முப்படைக்கும் ஒரே தளபதியை வைப்பது திட்டம். சீனா 2016இல் இப்படி ஐந்து பகுதிகளாகப் பிரித்துக்கொண்டது. ஒரு படை அதிகாரி மற்றப் படையினருக்கும் கட்டளையிட வழி செய்யும் சட்டத்தை இந்தியப் பாராளுமன்றம் 2023இல் நிறைவேற்றியது.

விமானப்படைதான் தயங்கியது. 2025 ஆகஸ்டில், அவசரப்பட வேண்டாம் என்று விமானப்படைத் தளபதி ஏ.பி.சிங் வெளிப்படையாகவே சொன்னார். டெல்லியில் ஒரு கூட்டுத் திட்ட மையம் போதும் என்பது அவருடைய யோசனை.

அந்தத் தயக்கத்தை வெறும் பிடிவாதம் என்று தள்ளிவிட முடியாது. விமானப்படைக்கு அனுமதிக்கப்பட்ட போர் விமானப் பிரிவுகள் 42. மிக்-21 விமானங்கள் 2025 செப்டம்பர் 26ஆம் தேதி ஓய்வு பெற்றபோது கையில் இருந்தவை 29. பேச்சிப்பாறையில் தண்ணீர் குறைந்த ஆண்டில், இருப்பதை எல்லா மடைக்கும் சமமாகப் பங்கிட்டுத் திறந்தால் என்ன ஆகும்? எந்த வயலும் நனையாது. அணையில் நிறுத்தி, கருகும் பயிருக்கு முதலில் திறப்பவன்தான் விவசாயம் தெரிந்தவன். காலையில் அஸ்ஸாமிலும் மாலையில் ராஜஸ்தானிலும் பறக்கக்கூடிய விமானத்தை ஒரு பகுதிக்குள் ஏன் கட்டிப்போட வேண்டும் என்று விமானப்படை கேட்டது.

இதற்குக் கண்டியில் பதில் இருக்கிறது. அங்கே விமானங்களைக் கூறு போடவில்லை. எல்லாம் ஒரு விமானத் தளபதியின் கையிலேயே இருந்தன. அந்தத் தளபதி மட்டும் பொதுத் தளபதிக்குக் கீழே இருந்தார். மேற்கு நாடுகளும் இதே வழியில்தான் போயின. நேட்டோ உடன்படிக்கையின் 32 நாடுகளுக்கும் ஜெர்மனியில் ராம்ஸ்டைன் என்ற ஊரில் ஒரே விமானத் தலைமையகம். இந்தியா அப்படி எந்தக் கூட்டணியிலும் இல்லை. ஆனாலும் 2024 ஆகஸ்டில் ஜெர்மனி, பிரான்ஸ், ஸ்பெயின், பிரிட்டன் விமானங்கள் சூலூருக்கு வந்து நம் விமானங்களோடு சேர்ந்து பறந்து பழகின. அயல்நாட்டாரோடு சேர்ந்து பறக்க முடிகிறது. சொந்தக் கடற்படையோடு ஒரே கூரையின் கீழ் உட்காருவதில்தான் இத்தனை பேச்சு!

கடல் பகுதிக்கான கூட்டுத் தலைமையகம் எங்கே அமையும் என்பதில் கார்வார், கோவை, திருவனந்தபுரம் ஆகிய மூன்று ஊர்களின் பெயர்களும் பத்திரிகைகளில் அடிபட்டன. திருவனந்தபுரமே ஆனால், குமரிக் கடலுக்கு விமானம் அனுப்புகிறவரும் கப்பல் அனுப்புகிறவரும் நாகர்கோவிலிலிருந்து ஒரு பஸ் தூரத்தில் இருப்பார்கள். கடலோரக் காவல் படையின் சென்னை, மும்பைக் கோடு அப்போதும் நீரோடிக்கு அப்பால் அப்படியே இருக்குமா என்பதைத்தான் தூத்தூர்க்காரர்கள் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும்.