நிதியமைச்சர் நோட்டு அடிக்க முடியாது

பட்ஜெட் நெருங்கினாலே டீக்கடையிலிருந்து தொலைக்காட்சி விவாதம் வரை இந்தப் பேச்சு அடிபடும்: "பணமில்லை என்பதெல்லாம் சாக்கு. நிதியமைச்சகம் நினைத்தால் நோட்டு அடித்துக்கொள்ளாதா?"

அடித்துக்கொள்ளாது. 1 ரூபாய் நோட்டில் மட்டும்தான் நிதித்துறைச் செயலாளரின் கையெழுத்து இருக்கும். மற்ற நோட்டுகளை வெளியிடும் உரிமை, 1934ஆம் ஆண்டுச் சட்டப்படி, ரிசர்வ் வங்கிக்கே. "சட்டம் கிடக்கட்டும், கொல்லைப்புற வழி இருக்குமே" என்பார்கள். இருந்தது. 1955இல் ஓர் ஏற்பாடு செய்துகொண்டார்கள்: அரசின் ரொக்க இருப்பு 50 கோடி ரூபாய்க்குக் கீழே இறங்கினால், அரசின் கடன் பத்திரத்தை வாங்கிக்கொண்டு ரிசர்வ் வங்கி தானாகவே பணம் வரவு வைக்கும். அவசரத்துக்கான அந்தக் கைமாற்று, நாளடைவில் நிரந்தரக் கடனாகிவிட்டது. நோட்டு அடிப்பதற்கும் அதற்கும் பெரிய வித்தியாசமில்லை. 1994இல் மன்மோகன் சிங் நிதியமைச்சராகவும் சி. ரங்கராஜன் ரிசர்வ் வங்கி ஆளுநராகவும் இருந்தபோது ஒப்பந்தம் போட்டு, 1997இல் அந்த வழியை அடைத்தார்கள். 2003ஆம் ஆண்டு நிதிப் பொறுப்புச் சட்டம், ரிசர்வ் வங்கி அரசின் பத்திரங்களை நேரடியாக வாங்குவதையும் 2006 முதல் தடுத்தது. பேரிடர் போன்ற நிலைமைகளுக்கு விலக்கு உண்டு. ஆனால் கொரோனா காலத்திலேயே, நோட்டு அடிக்கும் திட்டமில்லை என்று 2021இல் மக்களவையில் பதில் வந்தது.

"சரி, இருக்கும் பணத்தையாவது இஷ்டப்படி செலவழிக்கலாமே?" 2025-26 பட்ஜெட்டின் மொத்தச் செலவு 50.65 லட்சம் கோடி ரூபாய். அதில் வட்டி மட்டும் 12.76 லட்சம் கோடி. இந்தக் கால் பங்கில் எந்த அமைச்சரும் கைவைக்க முடியாது. மீதியையும் நாடாளுமன்றம் சட்டமியற்றினால்தான் எடுக்கலாம். (அந்த நாடாளுமன்றம் 2018இல் பட்ஜெட்டையே விவாதமில்லாமல் நிறைவேற்றியது. அந்தக் குறையை அமைச்சகத்தின் கணக்கில் மட்டும் எழுத முடியாது.)

ஜிஎஸ்டியும் டெல்லியின் தனி முடிவல்ல. ஜிஎஸ்டி மன்றத்தில் மத்திய அரசின் வாக்கு மூன்றில் ஒரு பங்கு. தீர்மானத்துக்கு நான்கில் மூன்று பங்கு வேண்டும். தடுக்கலாம், தனியாக நிறைவேற்ற முடியாது.

நிதியமைச்சர் சர்வ வல்லவர் என்பதும் கதைதான். திட்டக் குழுவின் அதிகாரத்தை எதிர்த்த ஜான் மத்தாய் 1950இல் பதவி விலகினார். எல்ஐசி பணம் தொழிலதிபர் முந்த்ராவின் நிறுவனங்களில் போன விவகாரத்தில் டி.டி. கிருஷ்ணமாச்சாரி 1958இல் போனார். கேள்வி எழுப்பிய பெரோஸ் காந்தி ஆளுங்கட்சி எம்.பி., பிரதமரின் மருமகன்.

அமைச்சகத்தின் கை உண்மையிலேயே நீள்வது செஸ், கூடுதல் வரிகளில். 15ஆவது நிதிக் குழு மத்திய வரிகளில் மாநிலங்களுக்கு 41 சதவீதம் என்றது, ஆனால் அந்தப் பங்கீட்டுத் தொகுப்பில் இவை சேராது. 2004இல் 2 சதவீதமாக வந்த கல்வி செஸ், 2018இல் சுகாதாரத்தையும் சேர்த்துக்கொண்டு 4 சதவீதமானது. அதில் மாநிலங்கள் பங்கு கேட்க அரசமைப்பில் இடமில்லை.