கிரீன் டீயும் கோகோவும்: குடியுங்கள், மருந்து என்று மட்டும் விற்காதீர்கள்

பதிவு கொஞ்சம் நீளம். டீச்சர் ஓய்வு பெற்றும் வகுப்பை விடவில்லை என்று சிரிக்கிறவர்கள், முழுசாகப் படித்துவிட்டுச் சிரியுங்கள்.

ஒரு மாதமாக நம் குடும்பக் குழுவிலும் பழைய மாணவர் குழுவிலும் ஒரே வீடியோ சுற்றிக்கொண்டிருக்கிறது. ஒரு கப் வெந்நீர், ஒரு ஸ்பூன் கிரீன் டீத் தூள், ஒரு ஸ்பூன் கோகோ. விடியற்காலை வெறும் வயிற்றில் குடித்தால் நாற்பது நாளில் தொப்பை கரையுமாம், சர்க்கரை இறங்குமாம், ரத்தம் சுத்தமாகுமாம். கடைசியில் அந்த மனிதர் மாத்திரை அட்டையைக் கையில் எடுத்துக் குப்பைக் கூடையில் போடுகிறார். பின்னணியில் புல்லாங்குழல் வேறு.

வீடியோவோடு நின்றிருந்தால் நான் வாயைத் திறந்திருக்க மாட்டேன். இப்போது அதே இரண்டு தூளையும் கலந்து டப்பாவில் அடைத்து, 200 கிராம் 1,450 ரூபாய்க்கு வீடு வீடாக விற்கிறார்கள். ஆள் சேர்த்துவிட்டால் கமிஷன். விற்கிறவர்களில் நான்கு பேர் என்னிடம் ஐந்தாம் வகுப்பு படித்தவர்கள். பெயர் சொல்ல மாட்டேன். நீங்கள் பிழைக்க வேண்டாம் என்றும் சொல்லவில்லை. மணப்பாறை முறுக்கு விற்றுக்கூடப் பிழைக்கலாம், அதற்குப் புவிசார் குறியீடே கிடைத்திருக்கிறது. முறுக்கு வாங்கினால் சர்க்கரை நோய் போய்விடும் என்று எந்த முறுக்குக்காரரும் இதுவரை சொல்லவில்லை.

முதலில் ஒன்றைத் தெளிவாக்கிவிடுகிறேன். அந்தப் பானத்தை நான் குடித்துப் பார்த்தேன். கசப்புதான், ஆனாலும் நன்றாக இருக்கிறது. மழைநாளில் இன்னும் நன்றாக இருக்கும். என் சண்டை பானத்தோடு கிடையாது, 'மருந்து' என்ற அந்த ஒரு சொல்லோடுதான்.

கிரீன் டீ என்பது என்ன? நம் கடைத்தெரு டீக்கடையில் கொதிக்கிற அதே தேயிலைச் செடியின் கொழுந்துதான். கறுப்புத் தேயிலைக்கு இலையைக் கசக்கிக் காற்றில் விட்டு நிறம் மாற விடுகிறார்கள். பச்சைத் தேயிலைக்கு, பறித்த உடனே ஆவி காட்டியோ சட்டியில் வறுத்தோ அந்த மாற்றத்தை நிறுத்திவிடுகிறார்கள். அதனால் கேட்டகின் என்கிற துவர்ப்புப் பொருள் அப்படியே தங்குகிறது. ஜப்பான்காரர்களின் மாட்சா தூள் இன்னும் ஒரு படி மேல். பறிப்பதற்கு மூன்று வாரம் போல முன்பிருந்தே செடிக்கு நிழல் போட்டு, நரம்பும் காம்பும் நீக்கி, கல் இயந்திரத்தில் அரைப்பார்கள். அதன் விலைக்குக் காரணம் இருக்கிறது. இந்த டப்பாவில் இருப்பது அது இல்லை. 'கிரீன் டீ பவுடர்' என்று மட்டும் போட்டிருக்கிறது. எந்த இலை, எந்த ஊர், ஒரு வரி கிடையாது. இலையை வெந்நீரில் போட்டு வடிகட்டினால் சக்கையைக் கொட்டிவிடுகிறோம். தூளாகக் கலக்கினால் இலை மொத்தமும் வயிற்றுக்குள் போகிறது. காஃபினும் போகிறது, தெளித்த பூச்சிமருந்து மிச்சமிருந்தால் அதுவும் போகிறது. எங்கே விளைந்தது என்று கேட்க வேண்டிய பொருளே இதுதான்.

இந்த இடத்தில் ஒரு வயிற்றெரிச்சலையும் சொல்லிவிடுகிறேன். 2023 செப்டம்பரில் கோத்தகிரிப் பக்கம் சிறு தேயிலை விவசாயிகள், பச்சைக் கொழுந்துக்குக் கட்டுப்படியாகும் விலை கேட்டு உண்ணாவிரதம் இருந்தார்கள். ஒரு கிலோ கொழுந்துக்கு அவர்கள் கேட்டதே முப்பத்துச் சொச்சம் ரூபாய்தான். இங்கே வையம்பட்டியில் இந்த டப்பா 1,450.

அடுத்தது கோகோ. 'கோகோவில் ஃபிளாவனால் இருக்கிறது, அது இருதயத்துக்கு நல்லது' என்று ஒரு தம்பி எனக்குத் தனியாகச் செய்தி அனுப்பியிருந்தான். நல்லது, பேசுவோம். அமெரிக்காவில் 21,442 பேரை வைத்து ஒரு பெரிய ஆய்வு நடந்தது. பெயர் காஸ்மாஸ். முடிவு 2022இல் வெளியானது. தினமும் 500 மில்லிகிராம் கோகோ ஃபிளாவனாலை மாத்திரையாகவே கொடுத்துப் பார்த்தார்கள். மொத்த இருதய நோய் நிகழ்வுகள் குறைந்தனவா என்பதுதான் முதன்மைக் கேள்வி. குறைந்தது என்று உறுதியாகச் சொல்லும் அளவுக்கு வித்தியாசம் வரவில்லை. இருதய நோயால் வந்த மரணங்கள் மட்டும் குறைவாக இருந்தன. 2023இல் அமெரிக்க உணவு மருந்துத் துறை, ஃபிளாவனால் அதிகமுள்ள கோகோவுக்கு ஒரு வாசகத்தை அனுமதித்தது. அதிலும் 'ஆதாரம் மிகக் குறைவு' என்பதைச் சேர்த்தே போட வேண்டும் என்று நிபந்தனை.

சரி, அந்த ஃபிளாவனாலாவது டப்பாவில் இருக்கிறதா? கடையில் கிடைக்கிற கறுத்த கோகோத் தூள் பெரும்பாலும் காரம் சேர்த்துப் பதப்படுத்தியது. நிறம் நன்றாக வரும், புளிப்பு போய்விடும், கூடவே ஃபிளாவனாலில் பெரும்பகுதியும் போய்விடும். எப்படிக் கண்டுபிடிப்பது? பின்பக்கம் பொடி எழுத்தில் 500, 501, 525 என்று ஏதாவது ஒரு எண்ணோடு 'அமிலத்தன்மை சீராக்கி' என்று இருந்தால் காரம் சேர்த்த கோகோ. இந்த டப்பாவில் 501 இருக்கிறது. மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு நானே படித்தேன். ஆக, எந்தப் பொருளின் பெயரைச் சொல்லி விற்கிறீர்களோ, அதைப் பெருமளவு கழுவி எடுத்த பிறகு மிஞ்சியதை விற்கிறீர்கள்.

இப்போது நான் ஏன் இவ்வளவு கோபப்படுகிறேன் என்பதற்கு வருகிறேன்.

என் தங்கை மகள். கைக்குழந்தைக்காரி. ஹீமோகுளோபின் 8.4. இரும்புச்சத்து மாத்திரை கொடுத்து அனுப்பினார்கள். இரண்டு மாதம் ஒரு வேளை தவறாமல் போட்டிருக்கிறாள். மறுபடி எடுத்தால் 8.6. வீட்டில் எல்லோரும் மாத்திரையைத் திட்டினார்கள். காலையில் என்ன சாப்பிடுகிறாய் என்று நான் கேட்டேன். பிள்ளை பெற்ற உடம்பு இறங்க வேண்டும் என்று யாரோ சொல்லி, இந்தக் கலவையைக் குடித்திருக்கிறாள். மாத்திரையை விழுங்கியதே அந்தக் கப்பை வைத்துத்தான்!

தேயிலையின் துவர்ப்பு இரும்புச்சத்தைப் பிடித்துக்கொள்ளும், உடம்பை உறிஞ்ச விடாது. சாப்பாட்டோடு டீ குடிக்காதே என்று செவிலியர்கள் காலங்காலமாகச் சொல்வது இதனால்தான். கோகோவும் அதே வேலையைச் செய்யும் என்பது பலருக்குத் தெரியாது. 1999இல் பிரிட்டிஷ் ஜர்னல் ஆஃப் நியூட்ரிஷன் இதழில் வந்த ஆய்வு இது: ரொட்டியோடு கறுப்புத் தேநீர் குடித்தவர்களுக்கு இரும்பு உறிஞ்சப்படுவது 79 முதல் 94 சதவீதம் வரை குறைந்தது. கோகோ குடித்தவர்களுக்கு 71 சதவீதம் குறைந்தது. பச்சைத் தேயிலையும் தடுக்கும். தடுக்கிற இரண்டையும் ஒரே கப்பில் கலந்து, வெறும் வயிற்றில், ரத்தசோகை உள்ள பெண்ணுக்குக் கொடுத்திருக்கிறோம்.

பானத்தை மாலைக்கு மாற்றச் சொன்னேன். மாத்திரையை எலுமிச்சைச் சாற்றோடு போடச் சொன்னேன். ஆறு வாரத்தில் 9.8. ஒரு பெண்ணின் கணக்கை வைத்து நிரூபணம் என்று நான் கொண்டாட மாட்டேன், அது வீடியோக்காரர் செய்கிற வேலை. ஆனால் 2019-21இல் எடுத்த தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பில், தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களில் பாதிக்கு மேல் ரத்தசோகை. நீங்கள் டப்பா விற்ற பத்து வீட்டில் ஐந்து வீட்டிலாவது அப்படி ஒரு பெண் இருப்பாள். யாரிடமாவது ஹீமோகுளோபின் எவ்வளவு என்று கேட்டீர்களா?

இன்னொருவர், எங்களுக்குச் சித்தப்பா முறை. சர்க்கரை மாத்திரையைப் பாதியாக உடைத்துப் போட ஆரம்பித்துவிட்டார். பானம் கசக்கிறது என்று இரண்டு ஸ்பூன் நாட்டுச்சர்க்கரை வேறு. நாட்டுச்சர்க்கரை என்று பெயர் வைத்தாலும் அது சர்க்கரைதான், சித்தப்பா. மூன்றாவது வாரம் வெறும் வயிற்றில் 260.

'டீச்சர், இயற்கைப் பொருள்தானே, என்ன கெடுதல் வந்துவிடும்?' என்கிறீர்கள். அரளிவிதையும் இயற்கைதான். ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையம் 2018இல் கிரீன் டீயை ஆராய்ந்து, வழக்கம்போல் தேநீராகக் குடிப்பதில் பொதுவாகப் பயமில்லை என்றது. அதே அறிக்கையில், கிரீன் டீ சாற்று மாத்திரைகளாக ஒரு நாளைக்கு 800 மில்லிகிராமோ அதற்கு மேலோ அதன் முக்கியக் கேட்டகினை எடுத்தவர்களுக்குக் கல்லீரல் பாதிப்பின் அறிகுறிகள் ரத்தத்தில் தெரிந்தன என்றும் சொன்னது. கப்பில் ஒரு ஸ்பூன் போட்டால் அந்த அளவு வராது, பயமுறுத்த நான் இதைச் சொல்லவில்லை. 'சீக்கிரம் இளைக்க வேண்டுமா, நாளைக்கு ஐந்து கப்' என்று உங்கள் குரல்பதிவில் இருக்கிறதே, அதற்காகச் சொல்கிறேன்.

சட்டத்தையும் தெரிந்துகொள்ளுங்கள். சர்க்கரை நோயைக் குணமாக்கும், உடற்பருமனைக் குணமாக்கும் என்று ஒரு பொருளை விளம்பரம் செய்வது 1954ஆம் ஆண்டின் மருந்துகள் மற்றும் மந்திரத் தீர்வுகள் சட்டப்படி குற்றம். அந்தப் பட்டியலில் இரண்டு நோயின் பெயரும் இருக்கிறது. வாட்ஸ்அப் ஸ்டேட்டஸ்தானே என்று நினைக்க வேண்டாம். 2024 ஏப்ரலில் மத்திய வர்த்தக அமைச்சகம், போர்ன்விட்டா உள்ளிட்ட பானங்களை 'ஹெல்த் டிரிங்க்' என்ற பிரிவிலிருந்து எடுத்துவிடுங்கள் என்று ஆன்லைன் கடைகளுக்குச் சொன்னது. உணவுப் பாதுகாப்புச் சட்டத்தில் 'ஹெல்த் டிரிங்க்' என்று ஒரு வகையே இல்லை என்பதுதான் காரணம். அத்தனை பெரிய கம்பெனியே அந்தச் சொல்லை இழந்தது. கம்பெனிக்காவது வக்கீல் இருக்கிறார், உங்களுக்கு யார் இருக்கிறார்? நாளை ஒரு புகார் வந்தால், டப்பா கொடுத்தவர் போனை எடுக்க மாட்டார். கையெழுத்துப் போட்டுச் சரக்கு எடுத்தவன் நீதான், தம்பி.

குடிக்க ஆசையாக இருக்கிறவர்கள் வீட்டிலேயே செய்யலாம். சர்க்கரை சேர்க்காத கோகோத் தூள் தனியாக வாங்குங்கள். 'டிரிங்கிங் சாக்லேட்' வேண்டாம். சேர்த்த பொருள்களை எடை அதிகமானதிலிருந்து வரிசையாக எழுத வேண்டும் என்பது விதி. அதில் பெரும்பாலும் சர்க்கரைதான் முதல் பெயர். கோகோ தண்ணீரில் கரையாது, மிதக்கும். அதனால் முதலில் ஒரு ஸ்பூன் கோகோவை இரண்டு ஸ்பூன் வெந்நீர் விட்டு, தோசைமாவு பதத்தில் கட்டியில்லாமல் குழைத்துக்கொள்ளுங்கள். கிரீன் டீத் தூள் அரை ஸ்பூன் போதும். தண்ணீர் தளதளவென்று கொதிக்கக் கூடாது. கொதித்ததை இறக்கி நாலைந்து நிமிடம் ஆறவிட்டு ஊற்றினால் கசப்பு அடங்கும். பால் விட்டால் இன்னும் ருசி. ஒரு ஏலக்காயைத் தட்டிப் போடுங்கள், அது என் யோசனை. சாப்பாட்டுக்கும் இரும்பு மாத்திரைக்கும் ஒரு மணி நேரமாவது தள்ளிக் குடியுங்கள். மாலை ஐந்து மணிக்கு மேல் வேண்டாம், எனக்குத் தூக்கம் போய்விட்டது. கர்ப்பிணிகள் டாக்டரைக் கேட்காமல் தொடவே வேண்டாம்.

டப்பாவை ஏற்கெனவே விற்றுவிட்ட என் நான்கு பிள்ளைகளுக்கு ஒரு வேலை தருகிறேன். யார் யாருக்குக் கொடுத்தீர்களோ அந்த வீடுகளுக்கு இந்த வாரம் போங்கள். அவர்கள் மாத்திரையை நிறுத்தியிருக்கிறார்களா என்று கேளுங்கள். நிறுத்தியிருந்தால் மறுபடி போடச் சொல்லுங்கள். வீட்டில் ரத்தசோகை உள்ள பெண் இருந்தால் என் எண்ணைக் கொடுங்கள், நான் பேசுகிறேன். மீதிச் சரக்கைத் திருப்பி எடுக்க அந்த ஆள் மறுத்தால், என்னையும் கூட்டிக்கொண்டு போங்கள். எனக்குப் பகல் முழுக்க வேலை ஒன்றும் இல்லை.