சேலத்துக் கையெழுத்தில் பயின்ற கணினி

'தமிழில் கையால் எழுதினால் கணினிக்குப் புரியாது, அதெல்லாம் ஆங்கிலத்துக்குத்தான்' என்ற பேச்சு இன்னும் அடிபடுகிறது. ஏற்காட்டு மலையிலோ அங்குள்ள கிளியூரிலோ ஒருவர் இப்படிச் சொன்னால் வருத்தம் இரட்டிப்பாகிறது. கணினிக்குத் தமிழ் எழுத்தைப் பழக்கிய மாதிரிகளில் ஒரு பங்கு, அந்த மலையின் அடிவாரத்தில் இருக்கும் சேலத்துக்காரர்கள் எழுதியது.

பெங்களூரில் இயங்கிய ஹெச்.பி. லேப்ஸ் இந்தியா ஆய்வகம் பெங்களூரிலும் சேலத்திலும் பள்ளிப் பிள்ளைகள், பட்டதாரிகள், பெரியவர்கள் எனப் பலரையும் டேப்லெட் கணினியில் பேனாவால் எழுதவைத்தது. ஒவ்வொரு எழுத்துக் குறிக்கும் ஏறத்தாழ 500 மாதிரிகள் சேர்ந்தன. 2006இல் கையெழுத்து ஆய்வுக்கான பன்னாட்டுப் பயிலரங்கில் தமிழ்க் கையெழுத்தறிதலுக்கென்றே நடந்த போட்டிக்கு இந்தத் தொகுப்புதான் அடிப்படை.

தமிழுக்கு 247 எழுத்து, ஆங்கிலத்துக்கு 26, ஆகவே கணினி திணறும் என்பது முதல் வாதம். ஒற்றைக்கொம்பு, இரட்டைக்கொம்பு, துணைக்கால் போன்றவற்றைத் தனிக் குறிகளாகப் பிரித்துவிட்டால், கிரந்த எழுத்துகளையும் சேர்த்தே 156 குறிகளில் எல்லாம் அடங்கிவிடுகிறது. ஆயிரக்கணக்கான எழுத்துகள் கொண்ட சீன மொழியையே மக்கள் செல்பேசித் திரையில் விரலால் எழுதிக்கொண்டிருக்கிறார்கள். எண்ணிக்கை ஒரு தடையே அல்ல.

ஆளுக்கொரு கிறுக்கல், அதை எப்படிப் படிக்கும் என்பது அடுத்தது. இங்கேதான் பலர் தடுமாறுகிறார்கள். தாளில் எழுதி முடித்ததைப் படம்பிடித்துப் படிப்பது ஒரு வேலை. எழுதும்போதே படிப்பது வேறொரு வேலை; நாம் பேசுவது இதைத்தான். மின்பேனாவில் முனை எந்தப் புள்ளியில் தொட்டது, எப்படிப் போனது, எப்போது மேலெழுந்தது என்பதெல்லாம் நேரத்தோடு பதிவாகின்றன. 'கொ' எழுதுகிறவர் முதலில் ஒற்றைக்கொம்பு போடுவார், பிறகு க, கடைசியில் துணைக்கால். யூனிகோடிலோ க முன்னால் வரவேண்டும். இந்த வரிசையை மாற்றித் தருவது மென்பொருளின் பொறுப்பு. துணைக்காலும் ர-வும் பலர் கையில் ஒன்றுபோலவே விழும். 'காப்பி' என்று எழுதியதைக் 'கரப்பி' என்றும் படிக்கலாம். அப்படியொரு சொல் புழக்கத்தில் இல்லை என்பதை மொழித்தரவு காட்டிக்கொடுக்கிறது. வடிவம் மட்டும் பார்த்து முடிவெடுத்த காலம் போய்விட்டது.

விலையைப் பற்றிய பயமும் வேண்டாம். அதே பெங்களூர் ஆய்வகம் 'லிபி டூல்கிட்' என்ற கையெழுத்தறியும் மென்பொருள் தொகுப்பைத் திறமூலமாகவே வெளியிட்டது. விண்டோஸுக்கு டிஎல்எல், லினக்ஸுக்கு எஸ்ஓ என்று நூலகக் கோப்புகளாக அது கிடைத்தது. எழுத்தறியும் முறை ஒரு கோப்பில், பயின்ற வடிவங்கள் இன்னொன்றில். ஒன்றைக் கழற்றி வேறொன்றை மாட்டிப் பார்க்கலாம். நம் மொழிகளுக்காக இங்கே இருந்தவர்கள் யோசித்துச் செய்த நல்ல ஏற்பாடு அது.

'மலையில் சிக்னலே ஒழுங்காக இல்லை, இது எதற்கு?' என்று கேட்பவர்களும் உண்டு. கூகுளின் எம்எல் கிட் மென்பொருள் நூலகத்தில் கையெழுத்தறியும் பகுதி 300க்கு மேற்பட்ட மொழிகளுக்கு இருக்கிறது, தமிழுக்கும்தான். ஒரு மொழிக்கான கோப்பு ஏறக்குறைய 20 எம்பி. ஏற்காடு பேருந்து நிலையத்திலேயே இறக்கிக்கொண்டால் போதும். அதன்பின் இணையம் இல்லாத காப்பித் தோட்டத்திலும் செல்பேசிக்குள்ளேயே அது வேலை செய்யும்.

இனி எல்லாம் குரல்தான் என்கிறார்கள். கிளியூர் அருவியின் இரைச்சலுக்கு அருகே நின்று பேசிப் பார்க்கட்டும். தோட்டத்து மேஸ்திரி ஆட்களின் பெயரையும் பறித்த பழத்தின் எடையையும் குறிக்கும்போது நாலு பேர் சுற்றிப் பேசிக்கொண்டிருப்பார்கள். மணிமேகலையா மணிமேகலாவா என்று குரல் தடுமாறலாம், எழுதினால் தெளிவு. வாய்பேச இயலாதவர்களையும் மறந்துவிடக் கூடாது. தமிழ்99 விசைப்பலகை பழகாத பெரியவர்களுக்குக் கையெழுத்து ஒன்றுதான் ஏற்கெனவே கைவந்தது.

குறையே இல்லை என்று யாரும் சொல்லவில்லை. கை நடுங்குபவர் எழுத்தில் பிழை வரும். ண, ன சுழிகளில் ஒன்று கூடும், ஒன்று குறையும். கூகுள் ஆய்வாளர்கள் 102 மொழிகளுக்குப் புதிய நரம்பியல் வலைமுறையைப் பொருத்தியபோது பெரும்பாலான மொழிகளில் பழைய முறையைவிடப் பிழை 20 முதல் 40 விழுக்காடு வரை குறைந்ததாக எழுதியிருக்கிறார்கள். குறைந்ததுதான், ஒழியவில்லை.

ஆனால் இன்றைய முட்டுக்கட்டை தமிழெழுத்தில் இல்லை, படிவச் செயலி எழுதுவோர் மேசையில் இருக்கிறது. பெயர், ஊர், எடை என்று தட்டச்சுக் கட்டம் வைக்கும் இடத்தில் எழுதும் கட்டம் ஒன்றும் வைக்க வேண்டும். கையெழுத்தறியும் நூலகம் ஒரே விடையைத் தருவதில்லை, பொருந்தக்கூடிய சொற்களை வரிசைப்படுத்தித் தருகிறது. அவற்றில் மூன்றையாவது கட்டத்தின் கீழே காட்டி, சரியானதைத் தொட்டுத் தேர்ந்தெடுக்க விட வேண்டும்.