தன் கச்சேரிக்குத் தானே சாட்சி

தன் கச்சேரியைத் தானே படமாகத் தயாரிக்கும் வித்வான் தற்புகழ்ச்சியன்றி வேறெதையும் அளிக்க இயலாதென்று நண்பர் எழுதியிருப்பதை, மதுரை ஆடி வீதியில் நாகஸ்வரக்காரர் சீவாளியை நாவால் நனைத்துப் பதம் பார்க்கும் க்ஷணத்திலேயே, படமெடுக்க வந்தவர்கள் காமிராவைக் கோபுரத்தின் பக்கம் திருப்பிவிடுவதைப் பலகாலம் கண்ட நான் ஏற்பதற்கில்லை. ராபி ராபர்ட்ஸன், தம் குழுவான 'தி பேண்ட்' 1976 நவம்பரில் ஸான் பிரான்சிஸ்கோவில் நடத்திய விடைபெறும் கச்சேரியைத் தாமே தயாரிப்பாளராயிருந்து 'தி லாஸ்ட் வால்ட்ஸ்' என்று 1978-இல் வெளியிட்டதும், காமிரா அவரையே மிகுதியும் நாடியதென்று அக்குழுவின் டிரம்ஸ் வித்வான் லெவன் ஹெல்ம் பின்னாளில் மனம் கசந்து எழுதியதும் மெய்யே. ஆனால் அப்படத்தை இயக்கியவர் மார்ட்டின் ஸ்கார்ஸீஸி. குழுவில் ஒருவரல்லர், வெளியார்! பாரபட்சத்தைப் போக்க வெளியார் கண் போதுமென்ற சித்தாந்தம் அங்கேயே சரிந்திருக்க, ஏ.ஆர். ரஹ்மான் தம் கச்சேரிகளைக் கொண்டு தாமே தயாரித்த 'ஒன் ஹார்ட்' (2017) படத்தை மட்டும் நண்பர் கூண்டிலேற்றுவது என்ன நியாயம்? ஆடி வீதியில் ஒத்து ஊதுபவரை எந்த வெளியாரும் படமெடுத்து நான் இதுவரை கண்டதில்லை.