குறை தாளில், தண்டனை நிலத்தில்

நியாயம் யார் பக்கம் என்று நீதிபதி பார்ப்பதற்கு முன்பே ஒரு மேல்முறையீடு செத்துப்போகலாம். வக்காலத்தில் கையெழுத்து இல்லை, நீதிமன்றக் கட்டணம் குறைவு, தீர்ப்பாணையின் சான்றிட்ட நகல் இல்லை என்று காரணம் எழுதி நீதிமன்ற அலுவலகம் மனுவைத் திருப்பும். வக்கீல் அதைச் சரிசெய்து, குறித்த நாளுக்குள் மறுதாக்கல் செய்ய வேண்டும். செய்யாவிட்டால் மேல்முறையீடு எண் பெறாமலே முடங்கும், அல்லது தள்ளுபடியாகும். நம் மக்களுக்கோ 'அப்பீல் போட்டாச்சு' என்ற ஒரு சொல்தான் தெரியும். ஒருநாள் கூலியை விட்டுவிட்டு வக்கீல் அலுவலகத்தில் காத்திருந்து, 'என்ன ஆச்சுங்க?' என்று கேட்கவும் தயக்கம்.

எதிர்த்தரப்பு அதுவரை சும்மா இருக்காது. மேல்முறையீடு செய்ததாலேயே தீர்ப்பாணையை நிறைவேற்றுவது நிற்காது. தடையாணை வாங்க வேண்டும். உரிமையியல் நடைமுறைச் சட்டம், கட்டளை 41 விதி 5 இதைத்தான் சொல்கிறது. குறையோடு முடங்கிக் கிடக்கும் கட்டில் தடையாணை எங்கே கிடைக்கும்? அமீனா வாசலில் வந்து நிற்கும்போதுதான் குடும்பத்துக்கு விஷயமே தெரிகிறது.

உச்ச நீதிமன்றம் நமக்கு ஆதரவாகவே பேசியிருக்கிறது. வக்கீல் வராத தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981-இல் ரஃபீக் வழக்கில் சொன்னது. சரிசெய்யக்கூடிய நடைமுறைக் குறைக்காக மேல்முறையீட்டை உடனே தள்ளிவிடக் கூடாது, திருத்த வாய்ப்புத் தர வேண்டும் என்று 2005-இல் உதய் சங்கர் திரியார் வழக்கில் சொன்னது. ஆனால் இந்த வாய்ப்பு, கேட்டு வருபவருக்குத்தான். ஆஜராகாததால் தள்ளுபடியான மேல்முறையீட்டை மீண்டும் கோப்புக்கு எடுக்க 30 நாளுக்குள் மனுச் செய்ய வேண்டும். அது கடந்தால் தாமதத்தை மன்னிக்கவும் தனி மனு. 'போதிய காரணம்' காட்ட வேண்டும். தள்ளுபடியானதே தெரியாதவர் எதை எண்ணி நாள் கணக்குப் பார்ப்பார்?

'காலவரம்பு இல்லாவிட்டால் வழக்குகள் முடியவே முடியாது' என்பார்கள். உண்மைதான். இழுத்தடிப்பது வசதியுள்ளவரின் ஆயுதமும்கூட; வென்ற தரப்பில் நம் மக்களும் இருப்பார்கள். ஆகவே காலவரம்பை நீக்கச் சொல்லவில்லை. குறையைச் சுட்டும் அறிவிப்பு வக்கீலோடு நிற்காமல், கட்சிக்காரருக்கும் தமிழில், தபாலிலும் குறுஞ்செய்தியிலும் போக வேண்டும். அதன் பிறகே தள்ளுபடி. இதுவே நம் கோரிக்கை.

தோழர்களே, கோரிக்கை நிறைவேறும்வரை நாம் காத்திருக்க வேண்டியதில்லை. உங்கள் ஊரில் மேல்முறையீடு செய்த ஒவ்வொரு குடும்பத்திடமும் தாக்கல் எண்ணை, எண்ணாகியிருந்தால் சி.என்.ஆர். எண்ணைக் கேட்டு வாங்குங்கள். இ-கோர்ட்ஸ் செயலியில் மாதம் ஒருமுறை பாருங்கள். மனு திருப்பப்பட்டதா, எந்தக் குறைக்காக, கடைசி நாள் எது என்று வக்கீலிடம் கேளுங்கள். கட்டணம் கட்ட வழியில்லையா? 1987 சட்டப் பணிகள் ஆணையங்கள் சட்டம் பிரிவு 12-இன்படி பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு. வட்ட சட்டப் பணிகள் குழுவுக்கு அவர்களை அழைத்துப் போங்கள்.

தோற்பதானாலும் நம் வாதத்தைக் கேட்ட பிறகு தோற்போம். கேட்காமலே தோற்கடிக்கப்படுவதற்கு இடம் கொடுக்க வேண்டாம்.