ஒரு புடவைக்கு 14 பேர்!

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் தியாகராய நகர் பனகல் பார்க் பக்கம் போய் நின்றால் இந்தக் காட்சியைப் பார்க்கலாம்.

ஒரு வேன் வந்து நிற்கும். கல்யாண கோஷ்டி இறங்கும். அப்பா, அம்மா, பெரியம்மா, சித்தி, அத்தை, அக்கா, அக்கா வீட்டுக்காரர், பெண்ணின் தோழிகள் 2 பேர், நடுவில் கல்யாணப் பெண்! மாப்பிள்ளை வீட்டார் 4 பேர் மாம்பலம் ஸ்டேஷனில் இறங்கி, 2023-ல் திறந்த ஆகாய நடைபாதை வழியாக வந்து கடை வாசலில் சேர்ந்துகொள்வார்கள். எண்ணிப் பார்த்தால் மொத்தம் 14 பேர்.

எதற்கு? ஒரு முகூர்த்தப் புடவை எடுக்க!

கடைக்குள் போனதும் ஆரம்பிக்கிறது கச்சேரி. "முகூர்த்தத்துக்கு அரக்குதான் லட்சணம்" என்கிறார் பெரியம்மா. "இப்பல்லாம் யாரு பெரியம்மா அரக்கு கட்டுறா?" என்கிறாள் தோழி. "பார்டர் சின்னதா இருக்கு. போட்டோவுல எடுபடாது" என்கிறாள் அக்கா. துபாயில் இருக்கும் மாமா வீடியோ காலில் வந்து, "அந்தப் பச்சையைக் கொஞ்சம் தூக்கிக் காட்டு" என்கிறார். நாத்தனாராக வரப்போகிறவள் வாயே திறக்கவில்லை. முகத்தை மட்டும் லேசாகச் சுளிக்கிறாள். அது போதாதா? அந்தப் புடவை அதோடு ஒதுங்கிவிடும்.

சேல்ஸ்மேன் 60 புடவை பிரித்துப் போட்டாகிவிட்டது.

இத்தனை பேர் பேசுகிறார்களே, கட்டப்போகிற பெண் என்ன சொல்கிறாள்? வந்தவுடன் மயில் கழுத்து நிறத்தில் ஒரு புடவையைத் தொட்டுப் பார்த்தாள். அதை யாரும் கவனிக்கவில்லை. 2 மணி நேரம் கழித்து, "எதுவா இருந்தாலும் சரிம்மா" என்கிறாள். எல்லோருக்கும் நிம்மதி. "பொண்ணு எவ்வளவு அடக்கம், பாருங்க!" என்று பாராட்டு வேறு.

அது அடக்கமா? அலுப்பு!

கூட்டமாகப் போவது தப்பா?

தப்பே இல்லை. ஜவுளி எடுக்க உறவோடு போவது காலம் காலமாக உள்ள வழக்கம். அதில் அர்த்தமும் இருக்கிறது. 2 வீட்டாரும் முகூர்த்தத்துக்கு முன்பே கூடி உட்கார்ந்து பேசிப் பழகுவது அங்கேதான். விரலால் தடவிப் பார்த்தே பட்டின் தரம் சொல்லும் பாட்டிகள் குடும்பத்துக்கு ஒருவராவது இருந்தார்கள். அந்த விஷய ஞானம் கூட வந்தால் நல்லதுதான்.

இப்போது கூட வருவது பெரும்பாலும் வாய் மட்டும்தான். கோளாறு அங்கேதான் இருக்கிறது.

முதல் அடி விழுவது அப்பாவின் சட்டைப் பையில். 25 ஆயிரம் என்று மனதுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டு வந்திருப்பார், ஆபீசில் கிளார்க். ஆளுக்கு ஒரு யோசனை சொல்லச் சொல்ல விலைச்சீட்டு ஏறிக்கொண்டே போகும். 40 ஆயிரத்தில் வந்து நிற்கும். சம்பந்தி பக்கத்தில் உட்கார்ந்திருக்கும்போது "கட்டுப்படியாகாது" என்று எப்படிச் சொல்வார்? சிரித்துக்கொண்டே பில் போடச் சொல்லுவார். மறுநாள் அடகுக் கடைக்கு நடப்பார். அது யாருக்கும் தெரியாது.

பல சமூகங்களில் கூரைப் புடவை மாப்பிள்ளை வீட்டுச் செலவு. அங்கே பெண்ணின் வாய் இன்னும் இறுகிப் போகிறது. "அவங்க எடுத்துக் கொடுக்கிறாங்க. நாம குறை சொல்லலாமா?" என்று அம்மாவே அடக்கிவிடுவார். மீறி ஒரு வார்த்தை சொல்லிவிட்டால், "அன்னிக்குக் கடையிலேயே பார்த்தோமே இவ பிடிவாதத்தை!" என்று 10 வருஷம் கழித்தும் சொல்லிக் காட்டுவார்கள். தாலி ஏறுவதற்கு முன்பே ஒரு முள் தைத்துவிடுகிறது. காரணம் ஒரு பார்டர்!

28 கண் இருந்தும்...

இன்னொரு வேடிக்கை. 14 பேருக்கு 28 கண். நிறத்தையும் பூவையும் பார்க்க அத்தனை கண்ணும் உண்டு. வாங்குவது அசல் பட்டுதானா என்று பார்க்க ஒரு கண் இல்லை!

அசல் பட்டுக்கு அடையாளமாக 'சில்க் மார்க்' முத்திரை 2004-ல் வந்தது. காஞ்சிபுரம் பட்டுக்கு 2005-06-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. முத்திரைச் சீட்டு தொங்குகிறதா என்று பார்க்க 1 நிமிஷம் போதும். ஓரத்தில் தொங்கும் இழை ஒன்றைக் கொளுத்தினால் பட்டு, முடி கருகுகிற வாடை அடிக்கும். சாம்பல் விரலில் பொடியாகும். பாலியஸ்டர் உருகிக் கட்டியாகிவிடும். அசல் ஜரிகையைப் பிரித்தால் உள்ளே சிவப்புப் பட்டு நூல் தெரியும். விலையில் பெரும் பங்கு ஜரிகையில் உள்ள வெள்ளிக்கும் தங்கத்துக்கும் போகிறது. அதைக் கேட்காமல் பணம் கொடுக்கலாமா?

காஞ்சிபுரத்தில் உடலுக்கு ஒரு நிறம், கரைக்கு ஒரு நிறம் வைத்து, 3 நாடா ஓட்டிக் கோர்வைப் புடவை நெய்கிறவர் 10 நாள், 15 நாள் தறியில் உட்காருகிறார். அந்த உழைப்புக்கும், எந்திரத்தில் ஓடிய புடவைக்கும் வித்தியாசம் தெரியாமல் வாங்கினால் ஏமாறுவது வாங்குகிறவர் மட்டுமல்ல. அந்த நெசவாளியும்தான்.

என்ன செய்யலாம்?

ஒன்று: முகூர்த்தப் புடவை எடுக்க 5 பேர் போதும். பெண், அவள் அம்மா, மாப்பிள்ளையின் அம்மா, பட்டு தெரிந்த ஒரு பெரியவர், பெண்ணுக்கு மனசுவிட்டுப் பேச ஒரு அக்காவோ தோழியோ. மற்றவர்களுக்கு எடுக்கும் ஜவுளிக்கு இன்னொரு நாள் வேன் பிடித்துக் குடும்பத்தோடு போகட்டும். யாருக்கும் மனக்குறை வராது.

இரண்டு: எவ்வளவு ரூபாய் என்பதை 2 வீட்டாரும் வீட்டிலேயே பேசி முடிக்க வேண்டும். கடையில் உட்கார்ந்ததும் அந்தத் தொகையை சேல்ஸ்மேனிடம் சொல்லிவிட வேண்டும். "அதுக்கு மேல பிரிக்காதீங்க" என்று சொல்வதில் வெட்கம் ஏதும் இல்லை.

மூன்று: முதல் வார்த்தை பெண்ணுடையது. அவள் 3 புடவையைத் தனியாக எடுத்து வைக்கட்டும். பெரியவர்கள் அந்த மூன்றிலும் பட்டையும் ஜரிகையையும் பார்த்துச் சொல்லட்டும். கடைசி வார்த்தையும் அவள் சொல்லட்டும்.

நான்கு: ஞாயிற்றுக்கிழமை நெரிசலை விட்டு, வாரநாள் காலையில் போனால் கடைக்காரரும் பொறுமையாகக் காட்டுவார். விளக்கு வெளிச்சத்தில் நிறம் ஏமாற்றும். வாசல் வெயிலில் ஒரு தடவை பிரித்துப் பார்த்துவிடலாம்.

அந்தப் புடவை பீரோவில் 30 வருஷம், 40 வருஷம் இருக்கும். பெரியம்மாவும் தோழியும் துபாய் மாமாவும் கல்யாணச் சாப்பாடு முடிந்ததும் ஊர் போய்ச் சேர்வார்கள். ஒவ்வொரு கல்யாண நாளிலும் அதை எடுத்துத் தடவிப் பார்க்கப்போகிறவள் அவள் ஒருத்திதான்.

ஆகவே சம்பந்தியம்மாக்களுக்கு ஒரு வேண்டுகோள். கடையில் உட்கார்ந்ததும், வேறு யாரும் பேசுவதற்கு முன்னால் பெண்ணின் கையைப் பிடித்து, "உனக்கு எதும்மா பிடிச்சிருக்கு?" என்று கேளுங்கள்.

இதற்குப் பில் கிடையாது!